தெற்கு பஜார் கூரியர் கடை: முன்னாள் வாக்குச்சாவடி அலுவலரின் மதிப்பீடு

வெளிநாட்டுக்குப் பார்சல் அனுப்பப் பாளையங்கோட்டையில் எந்தக் கடை தேவலை என்று யார் கேட்டாலும் நான் ஒரே கடையைத்தான் கைகாட்டுகிறேன். தெற்கு பஜாரிலிருந்து உள்ளே போகிற ஒரு சந்தில் இருக்கிறது. போர்டு வெயிலில் வெளுத்துப்போய்ப் பெயரைப் படிக்க முடியாது. 'நீல ஷட்டர்' என்றால் ஆட்டோக்காரர்களுக்கே தெரியும். கடைக்காரர் என் பழைய மாணவர் இல்லை. முப்பது வருஷத்துக்கு மேல் இதே ஊரில் வரலாறு நடத்தியவளுக்கு அப்படி ஒரு கடைக்காரர் கிடைப்பது அபூர்வம். அதனால் முகதாட்சண்யம் இல்லாமல் எழுதலாம்.

அல்வா டப்பாவையும் முறுக்குப் பொட்டலத்தையும் எந்தக் கடையும் அனுப்பிவிடும். இந்தக் கடையை நான் எடைபோட்டது ஒரு கவரை வைத்து. அதற்குள் இருந்தது, அமெரிக்காவில் பர்லிங்டன் என்கிற ஊரின் மேயர் தேர்தலுக்கு என் மகன் போட்ட ஓட்டு.

பர்லிங்டன் வெர்மான்ட் மாநிலத்தில், கனடா எல்லைக்குப் பக்கத்தில், சாம்பிளெய்ன் ஏரிக்கரையில் இருக்கிறது. அந்த மாநிலத்திலேயே பெரிய ஊர் அதுதான் என்று மகன் சொன்னபோது நான் ஏதோ கோயம்புத்தூர் அளவுக்கு நினைத்துக்கொண்டேன். 2020 கணக்கெடுப்பில் மக்கள்தொகை 44,743. நம் திருநெல்வேலி மாநகராட்சியில் 2011 கணக்கெடுப்பிலேயே நாலே முக்கால் லட்சம் பேர். அங்கே மொத்தம் 8 வார்டு, 12 கவுன்சிலர்கள். இங்கே 55 வார்டு. ஆனாலும் மேயர் யார் என்பதில் அங்கே ஒவ்வொரு வீட்டுக்கும் நேரடியாக ஒரு கை இருக்கிறது. இதற்கு அப்புறம் வருகிறேன்.

மகனிடம் கிரீன் கார்டுதான் இருக்கிறது, குடியுரிமை வாங்கவில்லை. அப்புறம் எப்படி ஓட்டு என்று எங்கள் தெருவில் கேட்காத ஆள் இல்லை. முறைப்படி குடியேறியவர்கள், குடியுரிமை இல்லாவிட்டாலும், ஊர்த் தேர்தலில் மட்டும் ஓட்டுப் போடலாம் என்று பர்லிங்டன் வாக்காளர்கள் 2023-ல் தீர்மானம் போட்டார்கள். ஆற்றுக்கு அந்தப் பக்கம் வினூஸ்கி என்று எட்டாயிரம் பேர் இருக்கிற ஒரு சின்ன ஊர் உண்டு, அவர்கள் இதை 2022-லேயே நடத்திக் காட்டிவிட்டார்கள். பர்லிங்டனில் அந்த உரிமை முதல்முறையாகச் செல்லுபடியானது 2024 மார்ச் 5 அன்று. அன்றைக்கே அங்கே ஜனாதிபதி வேட்பாளரைத் தேர்ந்தெடுக்கிற கட்சித் தேர்தலும் இருந்தது. அந்தச் சீட்டு இவனுக்குக் கிடையாது. மேயர் சீட்டு மட்டும் உண்டு. தண்ணீர், ரோடு, போலீஸ், வீட்டு வரி எல்லாம் மேயரோடுதானே, ஜனாதிபதி என் வீட்டுக் குப்பையை அள்ளவா போகிறார் என்றான். சரிதான்.

அந்த நேரம் பார்த்து மாசி முகூர்த்தத்தில் என் அக்கா பேத்திக்குக் கல்யாணம். அவன் ஊருக்கு வந்தே ஆகவேண்டும். ஓட்டுச்சீட்டு கைக்கு வந்ததும் அங்கேயே போட்டுக் கொடுத்துவிட்டு வந்திருக்கலாம், அதற்கும் வழி உண்டு. ஆனால் இவனுக்கு மனசு முடிவாகவில்லை. பன்னிரண்டு வருஷமாக மேயராக இருந்த மீரோ வைன்பெர்கர் இந்த முறை நிற்கவில்லை. களத்தில் முக்கியமாக இரண்டு பெண்கள். ஒருவர் ஜோன் ஷானன், ஜனநாயகக் கட்சி, பல வருஷம் கவுன்சிலராக இருந்தவர். இன்னொருவர் எம்மா மல்வேனி-ஸ்டனாக், புரோகிரசிவ் கட்சி, மாநிலச் சட்டசபை உறுப்பினர். 2020-ல் அந்த ஊர் கவுன்சில் போலீஸ் எண்ணிக்கையை முப்பது சதவீதம் வரை குறைக்கத் தீர்மானம் போட்டது. அதற்குப் பிறகு தெருவில் போதைமருந்தும் திருட்டும் அதிகமானதற்கு அந்தத் தீர்மானம் காரணமா இல்லையா என்பதுதான் ஊர் பூராவும் பேச்சு. இவன் கல்யாண மண்டபத்தில் சாம்பார் வாளி பிடித்துக்கொண்டே காதில் ஒயரை மாட்டி வேட்பாளர் விவாதம் கேட்டான். பந்தியில் இருந்த மாமா ஒருத்தர், "மாப்ள கிரிக்கெட் கேக்கான், சாம்பார் வராது, ரசத்தக் கொண்டாங்க" என்று விட்டார்.

சீட்டைப் பார்த்ததும் எனக்குள் இருந்த வாக்குச்சாவடித் தலைமை அலுவலர் எழுந்து உட்கார்ந்துவிட்டாள். சட்டசபைக்கும் பார்லிமென்டுக்கும் எத்தனையோ தேர்தலில் டூட்டி பார்த்தவள் நான். வேட்பாளர் பெயர்கள் இடப்பக்கம் வரிசையாக, எதிரே முதல் விருப்பம், இரண்டாம் விருப்பம் என்று கட்டங்கள். கறுப்புப் பேனாவால் வட்டத்தை நிரப்ப வேண்டும். நம் எம்.எல்.ஏ.க்கள் ராஜ்யசபாத் தேர்தலில் ஒன்று, இரண்டு என்று எண் போடுவார்களே, அதே சங்கதி. பாதிக்கு மேல் யாருக்கும் கிடைக்காவிட்டால் கடைசி ஆளை நீக்கி அவருடைய ஓட்டுகளை அடுத்த விருப்பத்துக்கு மாற்றி எண்ணுவார்கள். இதிலும் அந்த ஊருக்கு ஒரு கதை உண்டு. 2009-ல் முதல் விருப்ப ஓட்டு அதிகம் வாங்கியவர் கர்ட் ரைட், ஆனால் மாற்றி எண்ணி முடித்தபோது ஜெயித்தது பாப் கிஸ். ஊரே சண்டை போட்டு 2010-ல் இந்த முறையையே தூக்கி எறிந்தார்கள். அப்புறம் 2021-ல் கவுன்சிலர் தேர்தலுக்கும், 2023-ல் மேயர் தேர்தலுக்கும் அவர்களே திரும்பக் கூப்பிட்டுக்கொண்டார்கள்.

அவன் சீட்டு நிரப்பும்போது யாரையும் அறைக்குள் விடவில்லை நான். எங்கள் வீட்டு சார் கண்ணாடியைத் தேடுகிற சாக்கில் உள்ளே போனார். "வாக்காளர் உள்ள இருக்கார், வெளிய நில்லுங்க" என்று சொல்லிவிட்டேன். இன்றுவரைக்கும் அவன் யாருக்குப் போட்டான் என்று எனக்குத் தெரியாது. நான் கேட்கவும் இல்லை.

சீட்டை மடித்து உறுதிமொழிக் கவருக்குள் போட்டு ஒட்டி, அந்தக் கவர் மேலேயே பெயர் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். கையெழுத்து இல்லாவிட்டால் எண்ண மாட்டார்கள். அந்தக் கவரை இன்னொரு கவரில் வைத்து நகர கிளார்க் அலுவலகத்துக்கு அனுப்ப வேண்டும். தேர்தல் டூட்டிக்குப் போகிற நமக்குத் தபால் ஓட்டில் 13ஏ உறுதிமொழி, அதில் கெசட்டட் ஆபீசர் கையெழுத்து, 13பி சின்னக் கவர், 13சி பெரிய கவர் என்று மூன்று உண்டு. அங்கே சாட்சிக் கையெழுத்தே கிடையாது. வாக்காளர் சொன்னால் சொன்னதுதான். எனக்கு அது கொஞ்சம் துணிச்சலாகத்தான் பட்டது.

இந்தக் கவர் மார்ச் 5 சாயங்காலம் ஏழு மணிக்குள், அதாவது அங்கே வாக்குப்பதிவு முடிவதற்குள், போய்ச் சேர்ந்தாக வேண்டும். தபால் ஆபீஸ் சர்வதேச ஸ்பீடு போஸ்டில் செலவு குறைவு, நாள் தாராளமாக இருந்தால் நானும் அதில்தான் போடுவேன். எங்களுக்கு இருந்தது ஒரு வாரம் சொச்சம்.

முதலில் போனது புது பஸ் ஸ்டாண்டு பக்கம் வேறு ஒரு கடை. பெயர் வேண்டாம். ஏ.சி. உண்டு, நாற்காலி உண்டு, டோக்கன் மெஷின் உண்டு. கவுண்டரில் இருந்த பையன் கவரை வாங்கின கையோடு பிளேடை எடுத்தான். மகன் போட்ட சத்தத்தில் டோக்கன் எடுத்து உட்கார்ந்திருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள். உள்ளே இருப்பதைப் பார்க்காமல் ஏற்ற முடியாது, அது ரூல் என்றான் பையன். ரூல் என்னவோ உண்மைதான், வெளிநாட்டுக் கவரில் என்ன போகிறது என்று ஏஜென்ட் பார்த்தே ஆகவேண்டும். ஆனால் இது ஓட்டு, பிரித்தால் போச்சு என்று சொன்னபோது அந்தப் பையன் முகத்தில் எந்த மாற்றமும் இல்லை. "டிஸ்க்ரிப்ஷன்ல ஓட்டு கிடையாது சார், டாகுமென்ட், கிப்ட், சாம்பிள், இதுல எது?" என்றான். கவரை வாங்கிக்கொண்டு வந்துவிட்டோம்.

நீல ஷட்டர் கடையில் ஏ.சி. கிடையாது. ஒரு பெடஸ்டல் ஃபேன், அதுவும் எடை மெஷின் பக்கம் திரும்பும்போது முள் ஆடுகிறது என்று ஒரே திசையில் கட்டிப்போட்டிருக்கிறார்கள். கடைக்கார அண்ணாச்சிக்கு ஐம்பதைத் தாண்டியிருக்கும். கம்ப்யூட்டரில் ஒரு பெண், பட்டப்படிப்பு முடித்த வயசு, விரல் ரொம்ப வேகம்.

"உள்ள என்ன டீச்சர்?"

"ஓட்டு."

அண்ணாச்சி நிமிர்ந்து என்னைப் பார்த்தார், மகனைப் பார்த்தார். "பார்லிமென்டு எலக்சனுக்கு இன்னும் தேதியே சொல்லலியே."

அமெரிக்காவில் மேயர் தேர்தல் என்று மகன் விளக்கினான். அவர் குறுக்கே பேசாமல் கேட்டார். கேட்டு முடித்து, கவரை வாங்கி, பிளேடு இருந்த டிராயரைத் திறக்கவே இல்லை. டியூப்லைட்டுக்கு நேரே பிடித்துப் பார்த்தார். நான்கு மூலையையும் விரலால் அழுத்திப் பார்த்தார். எடை போட்டார். அப்புறம் நெற்றியைச் சொறிந்துகொண்டு, "பிரிச்சா செல்லாது, பிரிக்காட்டா ஏத்த மாட்டான். செத்த இருங்க டீச்சர், ஒரு போன் போடுதேன்" என்று வெளியே போனார்.

சென்னையில் யாரோ ஒருவரோடு பேசி வந்து அவர் செய்த ஏற்பாட்டை நான் அப்படியே எழுதுகிறேன், யாருக்காவது உதவும். வெளிக்கவர் ஒட்டக்கூடாது, திறந்தே இருக்க வேண்டும். உள்ளே இருக்கிற ஒட்டிய கவரைக் கண்ணாடி மாதிரியான பிளாஸ்டிக் உறையில் போட்டார், முன்னும் பின்னும் பார்ப்பவருக்குக் கையெழுத்தும் அச்சடித்த எழுத்தும் தெரியும்படி. ஓட்டுச்சீட்டோடு நகர அலுவலகம் கொடுத்த வழிமுறைத் தாளின் நகல் ஒன்று. இது என்ன, ஏன் பிரிக்கக்கூடாது, இதில் வேறெதுவும் இல்லை என்று மகன் கைப்பட ஒரு கடிதம். பாஸ்போர்ட் நகல் இரண்டு பக்கமும். எல்லாவற்றையும் வரிசையாக அடுக்கி, மேலே கடிதம், கீழே உறை, சோதனை பண்ணுகிறவன் கை உள்ளே போகாமலேயே படித்து முடிக்கிற மாதிரி வைத்தார். நானாக இருந்தாலும் இதே வரிசையில்தான் வைத்திருப்பேன். வாக்குப்பதிவு முடிந்து மெஷினை மூடி, பச்சைத்தாள் முத்திரை எண்ணைக் குறித்து, பதிவான ஓட்டுக் கணக்கை 17சி படிவத்தில் எழுதிக் கட்சி ஏஜென்டுகளிடம் கையெழுத்து வாங்கி, ஒவ்வொரு கவராக எண்ணி ஒப்படைக்கிற அந்த ராத்திரிகளில், இவ்வளவு நிதானமான உதவியாளர் எனக்குக் கிடைத்ததில்லை.

அரக்கு வைக்கலாமா என்று கேட்டேன். பெல்ட்டில் சூடு பட்டால் இளகிவிடும், வேண்டாம் என்றார். அப்படியானால் பிளாஸ்டிக் உறையின் டேப் மேல் கடைக்காரர் கையெழுத்துப் போட்டுக் கொடுங்கள் என்றேன். மகன் என் காலை மிதித்தான். அண்ணாச்சி சிரிக்கவில்லை. பேனாவை எடுத்து டேப்பிலும் உறையிலும் சேர்ந்து விழுகிற மாதிரி குறுக்கே போட்டார். அந்த ஒரு கையெழுத்துக்காகவே இந்த மதிப்பீட்டை எழுதுகிறேன் என்றாலும் தப்பில்லை.

முகவரி எழுதும் இடத்தில் கொஞ்சம் தமாஷ். நகர மண்டபம் இருப்பது 149, சர்ச் தெரு. "சர்ச் தெருன்னா நம்ம ஊசிக்கோபுரம் பக்கமா டீச்சர்?" என்றாள் அந்தப் பெண். அவளைச் சொல்லிக் குற்றமில்லை. பாளையங்கோட்டையில் சர்ச் இல்லாத தெருவைத்தான் அடையாளம் சொல்ல வேண்டும். பெறுபவர் இடத்தில் ஆள் பெயர் கேட்டது கம்ப்யூட்டர். அலுவலகத்துக்கு ஆள் பெயர் கிடையாது. அண்ணாச்சி, "பதவிப் பேரப் போடு, மாறாதுல்லா" என்றார்.

அடுத்து மதிப்பு. வெளிநாட்டுக்குப் போகிற எதற்கும் ஒரு தொகை எழுதியாக வேண்டும்.

"ஓட்டுக்கு என்ன ரேட்டு போடட்டும்?" என்று அந்தப் பெண் உண்மையிலேயே வெகுளியாகத்தான் கேட்டாள்.

பின்னால் அரிசி வற்றல் பார்சலோடு நின்றிருந்த ஒரு பெரியவர், "நம்ம ஊருன்னா டக்குனு சொல்லிரலாம். அங்கன என்ன குடுக்கானோ?" என்றார். கடையே சிரித்தது. நான் சிரிக்கவில்லை, அந்த விஷயத்தில் எனக்குச் சிரிப்பு வராது. வணிக மதிப்பு இல்லை என்று எழுதச் சொன்னேன். அதற்கும் கம்ப்யூட்டர் ஒத்துக்கொள்ளவில்லை, ஒரு எண் வேண்டுமாம். கடைசியில் ஒரு டாலர் என்று போட்டார்கள்.

பில் 2,350 ரூபாய், அதற்கு மேல் ஜி.எஸ்.டி. 18 சதவீதம். ஒரு தாளுக்கு இது அதிகம் என்று எங்கள் வீட்டு சார் இன்னமும் சொல்கிறார். மகன் சொன்ன ஒரு சங்கதியால்தான் அன்றைக்கு நான் வாயைத் திறக்கவில்லை. 1981-ல் இதே பர்லிங்டனில் கார்டன் பாக்கெட் என்று ஐந்து முறை ஜெயித்த மேயரை எதிர்த்து, கட்சி ஆதரவு இல்லாத ஒருவர் சுயேச்சையாக நின்றார். மறு எண்ணிக்கை முடிந்தபோது வித்தியாசம் பத்தே ஓட்டு. ஜெயித்த அந்தச் சுயேச்சைதான் பெர்னி சாண்டர்ஸ், பிற்பாடு செனட்டராகி, ஜனாதிபதி வேட்பாளர் போட்டி வரைக்கும் போனவர். அண்ணாச்சி இதைக் கேட்டதும் பில்லைக் கிழித்த கையை அப்படியே நிறுத்தி, "பத்து ஓட்டா? அப்பம் இது போய்ச் சேரணும்" என்று வண்டிக்காரப் பையனைக் கூப்பிட்டு, சாயங்கால வண்டிக்குக் காத்திராமல் மத்தியான வண்டியிலேயே ஏற்றச் சொன்னார். அதற்குத் தனிக் காசு வாங்கவில்லை.

அன்றைக்கு அங்கே கிளம்பிய பேச்சு ஓட்டை விட்டு நம் ஊருக்கு வந்துவிட்டது. வற்றல் பெரியவர்தான் ஆரம்பித்தார்: "அப்பம் அங்க மேயருக்கு நேரா ஜனங்கதான் போடுதாவளா?" ஆமாம் என்றான் மகன். "நமக்கும் முன்ன அப்படித்தான இருந்துச்சு." இருந்தது. 2011-ல் நான் மேயருக்கு ஒரு ஓட்டு, கவுன்சிலருக்கு ஒரு ஓட்டு என்று இரண்டு போட்டேன். விஜிலா சத்யானந்த் மேயரானார். 2022 பிப்ரவரியில் எனக்குக் கிடைத்தது வார்டு கவுன்சிலர் ஓட்டு மட்டும். மேயரைக் கவுன்சிலர்கள் கூடித் தேர்ந்தெடுத்தார்கள். சட்டத்தை இப்படியும் அப்படியுமாக மாற்றி மாற்றி வைத்திருக்கிறார்கள். நேரடித் தேர்தல் வந்தால் மேயர் ஒரு கட்சி, கவுன்சில் ஒரு கட்சி என்று முட்டிக்கொள்ளும், வேலை நடக்காது என்பார்கள். மறைமுகத் தேர்தலிலும் வேலை நின்றது, அதுவும் ஒரே கட்சிக்குள். 2024 ஜூலையில் மேயர் ராஜினாமா, ஆகஸ்டு 5-ல் புது மேயருக்குத் தேர்தல், ஆளும் கட்சிக்குள்ளேயே போட்டி, 30-க்கு 23. அந்த ஓட்டுகளுக்கு நடுவில் பாளையங்கோட்டைக்காரி எனக்கு எந்த இடமும் இல்லை. ஒரு வரிப் பாக்கிகூட வைக்காத எனக்கு இல்லாத உரிமை, அங்கே குடியுரிமையே இல்லாத என் மகனுக்கு இருக்கிறது. நீல ஷட்டர் கடையில் நின்று அதற்குப் பார்சல் காசும் நானே கொடுத்தேன்.

இன்னொன்றும் உண்டு. இவன் இன்னும் இந்தியக் குடிமகன்தான், வெளிநாட்டில் இருக்கிற இந்தியர்களுக்கான 6ஏ படிவத்தை எழுதிக் கொடுத்தால் நம் வாக்காளர் பட்டியலில் பெயர் ஏறும். ஆனால் ஓட்டுப் போட நேரில் பாஸ்போர்ட்டோடு வந்து நிற்க வேண்டும், தபாலில் போட முடியாது. 2024 ஏப்ரல் 19 பார்லிமென்ட் ஓட்டுக்கு இன்னொரு விமான டிக்கெட் எடுக்க முடியுமா? கல்யாணத்துக்கு வந்தவன் ஓட்டுக்கு வரவில்லை.

கவருக்கு வருவோம். கடை கொடுத்த தடம் காட்டும் எண் சென்னை வரைக்கும் ஒழுங்காகக் காட்டியது. அப்புறம் துபாய் என்று காட்டி அங்கேயே நின்றுவிட்டது. சனி, ஞாயிறு வேறு. இந்தக் கடையில் எனக்கு இருக்கிற பெரிய வருத்தம் இதுதான். மெசேஜ் வருகிறது, ஆனால் வேண்டிய நேரத்தில் வராது. அண்ணாச்சிக்குப் போன் பண்ணினால் எடுப்பார், விசாரித்துச் சொல்கிறேன் என்பார், சொல்லவும் சொல்வார், ஆனால் நாம்தான் பண்ண வேண்டும். எனக்கு நள்ளிரவில் விழிப்பு வந்து எண்ணைத் தட்டிப் பார்க்கிற வியாதியே பிடித்துவிட்டது. தேர்தலுக்கு முந்தின நாள் 'ஒப்படைக்கப்பட்டது' என்று வந்தது. மகன் நகர அலுவலகத்துக்கு மெயில் போட, கிடைத்தது என்று ஒரு வரியில் பதில் வந்தது. எங்களிடம் இருந்த ரசீதோடு அந்த மெயிலையும் அச்செடுத்து ஃபைலில் வைத்துவிட்டேன்.

ஜெயித்தது எம்மா மல்வேனி-ஸ்டனாக். முதல் விருப்பத்திலேயே பாதியைத் தாண்டிவிட்டதால் மாற்றி எண்ணுகிற வேலையே வரவில்லை. பர்லிங்டனுக்கு முதல் பெண் மேயர் அவர்தான். நமக்கு 1996-லேயே பெண் மேயர் வந்துவிட்டார் என்று சொல்லி ஒரு நாள் முழுக்க மகனைச் சீண்டினேன்.

பார்சல் விஷயம். அல்வாவை இனிப்புக்கடை டப்பாவோடு அண்ணாச்சி ஏற்க மாட்டார். நெய் கசியும். பையில் போட்டு வாயைச் சூட்டில் ஒட்டி, அதை இன்னொரு பையில் போட்டு, நடுவில் தாள் கொடுத்து அட்டைப்பெட்டியில் வைக்கிறார். கருப்பட்டி தனியாக, ஈரம் படாமல். முறுக்கு நொறுங்கும், அதற்கு யாராலும் ஒன்றும் செய்ய முடியாது, நொறுங்கினால் என்னைக் கேட்காதீர்கள் என்று முதலிலேயே சொல்லிவிடுகிறார். பத்தமடைப் பாயை மடிக்காமல் சுருட்டிக் குழாய்க்குள் அனுப்பித் தந்தார், அது அழகு. பெட்டியின் நீள அகலத்தை வைத்துக் கணக்கிடுகிற எடை, மெஷினில் காட்டுகிற எடையைவிட அதிகம் வரும். அதை முன்னாடியே எழுதிக் காட்டுவார், பில் போடும்போது திடீரென்று சொல்லமாட்டார். 2025 ஆகஸ்டு கடைசியில் 800 டாலர் வரைக்குமான பார்சல்களுக்கு இருந்த இறக்குமதி வரிச்சலுகையை அமெரிக்கா எடுத்தபோது, பழைய வாடிக்கையாளர்களுக்கு அவரே போன் பண்ணி, அவசரம் இல்லாததைக் கொஞ்ச நாள் நிறுத்திவையுங்கள் என்றார். தன் வியாபாரத்தை அவரே நிறுத்துகிறாரே என்று எனக்கு ஆச்சரியம்.

குறைகளும் உண்டு. வண்டி நிறுத்த இடமே கிடையாது, சந்து வாயில் விட்டுவிட்டு நடக்க வேண்டும். உட்கார ஒரே ஒரு ஸ்டூல், அதில் எப்போதும் யாராவது டேப் ரோலை வைத்திருப்பார்கள். முட்டிவலிக்காரர்கள் காலையிலேயே போய்விடுங்கள், பதினொரு மணிக்கு மேல் கல்லூரிப் பிள்ளைகள் சர்டிபிகேட் அனுப்ப வந்துவிடுவார்கள். மத்தியானம் சாப்பாட்டுக்கு ஷட்டரை முக்கால்வாசி இறக்கிவிட்டு உள்ளே இருப்பார்கள், கூப்பிட்டாலும் பதில் வராது. ஞாயிற்றுக்கிழமை கிடையாது. கார்டு மெஷின் இருக்கிறது, வேலை செய்து நான் பார்த்ததில்லை, போனில் கட்டலாம். ஆதார் நகல் வீட்டிலிருந்தே கொண்டுபோங்கள், அங்கே நகல் எடுக்க எதிர்க்கடைக்குப் போக வேண்டும்.

உள்ளூர்க் கூரியருக்கு இந்தக் கடை வேண்டாம். சென்னைக்கும் மதுரைக்கும் அனுப்ப இவரைவிடச் சல்லிசாக நாலு கடை இருக்கிறது. பாஸ்போர்ட், பத்திரம், கல்லூரி டிரான்ஸ்கிரிப்ட், கோர்ட் தாள் என்று ஒட்டினது ஒட்டினபடி போகவேண்டியது எதுவாக இருந்தாலும் இங்கே கொண்டுபோங்கள். டேப் மேல் கையெழுத்துக் கேளுங்கள், போட்டுத் தருவார்.

பர்லிங்டனில் மேயர் பதவி மூன்று வருஷம். போன தடவை கருப்பட்டி அனுப்பப் போனபோது அண்ணாச்சியே கேட்டார், "அடுத்த ஓட்டு எப்பம் டீச்சர்? 2027 மார்ச்சா?" ஆமாம் என்றேன். "இப்பம் ரேட்டு கூடிப்போச்சு, அந்தப் பழைய 2,350-க்கு வராது பாத்துக்கிடுங்க" என்றார். யார் வீட்டுக் கல்யாணமாக இருந்தாலும் இந்த முறை ஓட்டைப் போட்டுவிட்டு அப்புறம் விமானம் ஏறு என்று மகனிடம் சொல்லியிருக்கிறேன்.